செனகல், விடுதலைக்கு மறுநாள்: உஸ்மான் செம்பேன் படங்கள் பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

எங்கள் ஊரில் ஒரு சின்ன ஹாலை வாடகைக்கு எடுத்து மாதம் ஒரு படம் போடுகிறோம். செனகல் படம் போடும் மாதமெல்லாம் விளக்கைப் போட்டதுமே வரும் சந்தேகங்கள் அநேகமாக ஒன்றுதான், கேட்கும் ஆள்தான் வேறு. ஒவ்வொரு தடவையும் வாசலில் நின்று பதில் சொல்வதற்குப் பதில் எழுதி வைத்துவிடலாம் என்று உட்கார்ந்தேன். கேள்விகளை அவர்கள் கேட்டபடியே போட்டிருக்கிறேன். படங்களின் முடிவுகளும் பதில்களில் வருகின்றன, முடிவு தெரிந்தால் பார்க்கப் பிடிக்காது என்பவர்கள் படத்தைப் பார்த்துவிட்டு வாருங்கள்.

முதல்ல செனகல் எங்க இருக்கு? அவங்களுக்கு எப்ப சுதந்திரம் வந்துச்சு?

ஆப்பிரிக்காவின் மேற்கு விளிம்பில், அட்லாண்டிக் கடலோரம். தலைநகர் டக்கார். பிரெஞ்சுக்காரர்கள் 17ஆம் நூற்றாண்டிலேயே செயின்ட் லூயியில் கால் வைத்துவிட்டார்கள். 1960ல் விடுதலை. முதலில் பக்கத்து மாலியோடு ஒரே கூட்டமைப்பாகத்தான் சுதந்திரம் பெற்றார்கள், அது இரண்டே மாதத்தில் உடைந்து தனித்தனி நாடாகிவிட்டது.

முதல் ஜனாதிபதி லெயொபோல்ட் செடார் செங்கோர். கவிஞர், பிரெஞ்சு இலக்கண வாத்தியார், பாரிஸ் நாடாளுமன்றத்தில் உட்கார்ந்தவர். அல்ஜீரியாவில் நடந்ததுபோல் பெரிய போர் எதுவும் இங்கே நடக்கவில்லை. கையெழுத்துப் போட்டு, கைகுலுக்கி, கொடி மாற்றினார்கள். இதை மனதில் வைத்துக்கொண்டால் கீழே வரும் பாதிக் கேள்விகளுக்கு விடை சுலபம்.

செம்பேன் யாரு? பெரிய படிப்பு படிச்சவரா?

இல்லை. 1923ல் தெற்கே காஸமான்ஸ் பகுதியில் ஜிகின்ஷோர் என்ற ஊரில் மீனவர் வீட்டில் பிறந்தவர். பள்ளியிலிருந்து துரத்தப்பட்டார். மெக்கானிக் வேலை, கொத்து வேலை, அப்புறம் இரண்டாம் உலகப்போரில் பிரெஞ்சுப் படை. போர் முடிந்து பிரான்ஸுக்குப் போய் மார்சேய் துறைமுகத்தில் மூட்டை தூக்கினார். தொழிற்சங்கம், கம்யூனிஸ்ட் கட்சி, சங்க நூலகம் எல்லாம் அங்கேதான். 1956ல் ஒரு துறைமுகத் தொழிலாளியைப் பற்றி முதல் நாவல். டக்கார்-நைஜர் ரயில் தொழிலாளர்களின் 1947-48 வேலைநிறுத்தத்தை வைத்து 1960ல் எழுதிய நாவல்தான் அவருக்குப் பெரிய பெயர் வாங்கித் தந்தது.

நாவலாசிரியராக நிலைத்தபின் நாற்பதை நெருங்கும் வயதில் மாஸ்கோவுக்குப் போய் சோவியத் இயக்குநர் மார்க் டான்ஸ்காயிடம் சினிமா கற்றுக்கொண்டார். காரணம் ரொம்ப எளிது. பிரெஞ்சில் எழுதிய புத்தகத்தை அவர் யாருக்காக எழுதினாரோ அவர்களால் படிக்க முடியாது. ஊரில் எழுதப் படிக்கத் தெரிந்தவர்களே கொஞ்சம்தான். படம் என்றால் எல்லோரும் பார்க்கலாம். சினிமாவை மக்களுக்கான இரவுப்பள்ளி என்றே சொல்லிக்கொண்டிருந்தார்.

1960க்கு முன்னாடி அவங்க ஆளுங்க யாருமே படம் எடுக்கலியா? ஏன், கேமரா வாங்கக் காசு இல்லையா?

காசு ஒரு பக்கம். சட்டம் இன்னொரு பக்கம். 1934ல் லவால் ஆணை என்று ஒன்று வந்தது. பிரெஞ்சு ஆப்பிரிக்கக் காலனிகளில் யார் படம் பிடிப்பதானாலும் அனுமதி வாங்க வேண்டும், கதையையும் ஆட்களையும் அரசு பார்க்கும். இதை மீறி 1950ல் காலனி ஆட்சியைத் திட்டிப் படம் எடுத்த ரெனே வொத்தியே என்ற பிரெஞ்சுக்காரருக்கே சிறை. ஆப்பிரிக்கர்களின் கதி என்ன என்று யோசித்துக்கொள்ளுங்கள்.

பாரிஸில் சினிமாப் பள்ளியில் படித்த போலன் வியேராவும் நண்பர்களும் சொந்த மண்ணில் எடுக்க வழியில்லாமல், 1955ல் பாரிஸிலேயே அங்கே வாழும் ஆப்பிரிக்கர்களை வைத்து ஒரு குறும்படம் எடுத்தார்கள். அந்த வியேராதான் பிற்பாடு செம்பேனுக்குத் தோள் கொடுத்தார்.

எதிலிருந்து ஆரம்பிக்கலாம்? லிஸ்ட் குடுங்க.

'போரோம் சாரெட்' (1963). இருபது நிமிடம்தான். ஒரு குதிரைவண்டிக்காரனின் ஒரு நாள். அதற்கப்புறம் 'லா நுவார் தெ' (1966), 'மண்டபி' (1968), 'ஹாலா' (1975). இந்த நான்கையும் இந்த வரிசையில் பார்த்தால் விடுதலைக்குப் பிந்தைய செனகலின் முதல் பதினைந்து வருடம் கண்முன் நடக்கும். 'எமிதாய்' (1971), 'செட்டோ' (1977), 'காம்ப் தெ தியாரோய்' (1988) மூன்றும் பழைய காலத்துக்குப் போகிறவை. அவற்றை இரண்டாம் சுற்றுக்கு வைத்துக்கொள்ளுங்கள்.

செம்பேனை மட்டும் பார்த்துவிட்டு நிறுத்தாதீர்கள். ஜிப்ரில் ஜோப் மம்பெட்டியின் 'டூக்கி பூக்கி' (1973) இருக்கிறது. அதைப் பற்றித் தனியாகக் கேட்பீர்கள் என்று தெரியும்.

போரோம் சாரெட்ல அந்தக் குழந்தையைப் புதைக்க ஏன் விடல? அது ரொம்பக் கொடுமையா இருந்துச்சு.

பேப்பர் சரியில்லை. அவ்வளவுதான். இறந்த குழந்தையைக் கையில் ஏந்திக்கொண்டு ஒரு தகப்பன் வண்டியில் வருகிறான். கல்லறை வாசலில் இருக்கும் ஆள் காகிதத்தைப் பார்க்கிறான், வெளியூர்க்காரன், முடியாது என்கிறான். வண்டிக்காரன் குழந்தையின் உடலைத் தரையில் இறக்கி வைத்துவிட்டுக் கிளம்பிவிடுகிறான். செம்பேன் அவனையும் நல்லவனாகக் காட்டவில்லை, கவனித்தீர்களா?

அதே நாளில் கோட்டு சூட்டு போட்ட ஒரு சவாரி அவனை நகரத்தின் பணக்காரப் பகுதிக்கு இழுத்துக்கொண்டு போகிறது. அங்கே குதிரைவண்டி வரக்கூடாது என்று சட்டம். போலீஸ்காரர் மடக்குகிறார், எதையோ எடுக்கும்போது வண்டிக்காரன் போரில் வாங்கிய பதக்கம் கீழே விழுகிறது, போலீஸ்காரர் பூட்ஸ் காலால் மிதித்தபடி நோட்டில் எழுதுகிறார். அவர் கறுப்பர். சட்டம் பிரெஞ்சுக்காரன் போட்டது. வண்டி பறிமுதல். எனக்குத் தெரிந்து விடுதலை என்றால் என்ன என்பதை இவ்வளவு சிக்கனமாகச் சொன்ன படம் வேறில்லை.

லா நுவார் தெ படத்துல வர்ற முகமூடி எதுக்கு? ஏதாவது மந்திரமா?

மந்திரம் எதுவுமில்லை. டக்காரில் ஒரு பிரெஞ்சுக் குடும்பத்தில் வேலை கிடைத்த சந்தோஷத்தில் தியுவானா என்ற பெண் ஒரு சின்னப் பையனிடம் இருந்த முகமூடியை வாங்கி எஜமானிக்குப் பரிசாகக் கொடுக்கிறாள். அவர்கள் வீட்டில் ஏற்கெனவே நிறைய இருக்கிறது, அதோடு இதுவும் ஒன்று. பிள்ளையைப் பார்த்துக்கொள்ளும் வேலை என்று சொல்லி அவளைப் பிரான்ஸில் ஆந்தீப் நகரத்துக்கு வரவழைத்து, சமையல், துணி, கக்கூஸ் எல்லாம் அவள் தலையில் கட்டுகிறார்கள். அங்கே வெறும் வெள்ளைச் சுவரில் அந்த ஒற்றை முகமூடி தொங்குகிறது. அவளும் அந்த அடுக்குமாடி வீட்டில் அப்படித்தான் தொங்குகிறாள்.

அவள் தற்கொலை செய்துகொள்வதற்கு முன் முகமூடியைத் திரும்பப் பிடுங்கிக்கொள்கிறாள், இது என்னுடையது என்று. எஜமானர் பெட்டியையும் சம்பளப் பாக்கியையும் முகமூடியையும் எடுத்துக்கொண்டு டக்காருக்கு வருகிறார். அம்மா பணத்தைத் தொடவில்லை. பையன் முகமூடியை மாட்டிக்கொண்டு அவர் கார்வரை பின்னாலேயே வருகிறான். ஓட ஓட வருகிறான். யாரும் அவரை ஒன்றும் செய்யவில்லை, ஆனாலும் மனிதர் வேர்த்து விறுவிறுத்துப் போகிறார்.

இந்தக் கதை பத்திரிகையில் வந்த ஒரு செய்தியிலிருந்து செம்பேன் முதலில் சிறுகதையாக எழுதியது.

அந்தப் பொண்ணுக்கு எழுதப் படிக்கவே தெரியாது, ஆனா மனசுக்குள்ள நல்ல பிரெஞ்சுல பேசுறாளே, அது எப்படி?

சரியாகப் பிடித்தீர்கள். அந்தக் குரல் நடித்த ம்பிசின் தெரேஸ் ஜோப்புடையது இல்லை, ஹைட்டியைச் சேர்ந்த பாடகி டொட்டோ பிசந்த் கொடுத்த குரல். 1966ல் பிரெஞ்சு நிதியும் பிரெஞ்சு விதிமுறைகளும் சேர்ந்துதான் படம் வெளியே வர முடிந்தது, அதனால் மொழியும் பிரெஞ்சு. செம்பேனுக்கு இது உறுத்திக்கொண்டே இருந்தது, அடுத்த படத்தில் சரி செய்தார்.

ஆனால் தற்செயலோ என்னவோ அந்தப் பொருத்தமின்மை படத்துக்கு வேலை செய்கிறது. வாயால் அவள் சொல்வதெல்லாம் 'உய் மதாம்' (சரிங்க மேடம்) மட்டும்தான். விருந்துக்கு வந்தவர்கள் அவளைப் பற்றி அவள் முன்னாலேயே பேசுகிறார்கள், சுதந்திரம் வந்த பிறகு இவர்களிடம் பழைய இயல்பு போய்விட்டது என்று ஒரு அம்மாள் வருத்தப்படுகிறார், சாப்பிட்டுக்கொண்டே. ஊரிலிருந்து அம்மாவின் கடிதம் வந்தால் இவளைக் கேட்காமலேயே பதில் எழுத உட்காருகிறார் எஜமானர். அவள் அந்தக் கடிதத்தைக் கிழித்துப் போடுகிறாள்.

மண்டபில ஒரு மணியார்டரை மாத்த முடியாம ஒரு மனுஷன் படம் பூரா அலையறான். அவ்வளவு முட்டாளா?

முட்டாள் இல்லை. கொஞ்சம் வீம்பு, கொஞ்சம் ஜம்பம், இரண்டு மனைவிகள், நான்கு வருடமாக வேலை இல்லை. பாரிஸில் தெரு கூட்டும் மருமகன் (அக்கா மகன்) 25,000 சி.எஃப்.ஏ. பிராங்க் (செனகல் நாணயம்) மணியார்டர் அனுப்புகிறான். அன்றைய மதிப்பில் 500 பிரெஞ்சு பிராங்க். இப்ராஹிமா ஜியெங்குக்கு அதில் 2,000தான், 3,000 அக்காவுக்கு, மீதி 20,000 மருமகனுக்காக எடுத்து வைக்க வேண்டியது. ஆனால் தெரு முழுக்க இவர் லட்சாதிபதி ஆகிவிட்டார் என்று செய்தி பரவி, கடன் கேட்கிறவர்கள் வாசலில்.

இப்போது அந்தச் சங்கிலியைப் பாருங்கள். மணியார்டரை மாற்ற அடையாள அட்டை வேண்டும். அட்டைக்குப் பிறப்புச் சான்றிதழ் வேண்டும். சான்றிதழுக்குப் பிறந்த தேதி வேண்டும், அவருக்குத் தெரிந்ததோ 1900 வாக்கில் என்பதுதான். அப்புறம் போட்டோ வேண்டும், போட்டோக்காரன் காசை வாங்கிக்கொண்டு கைவிரிக்கிறான். ஆதார் அட்டையில் ஒரு எழுத்துப் பிழைக்காக இ-சேவை மையத்துக்கும் தாலுகா ஆபீசுக்கும் நடந்தவர்கள் எங்கள் ஹாலில் சிரிக்கவே இல்லை, முனகினார்கள். கடைசியில் படித்த, கார் வைத்திருக்கிற உறவினன் ஒருவன், என் பெயரில் எழுதிக் கொடுங்கள் நான் வாங்கித் தருகிறேன் என்று சொல்லிப் பணத்தை எடுத்துவிட்டு, பிக்பாக்கெட் அடித்துவிட்டார்கள் என்று கதை விடுகிறான். கையில் கிடைத்தது கொஞ்சம் அரிசி.

ஆரம்பத்தில் மரத்தடியில் நாவிதர் அவருக்குத் தலை சிரைக்கும் காட்சியை அவசரப்பட்டுத் தாண்டிவிடாதீர்கள். மூக்குக்குள் கத்தி போய் ஒரு சுழற்று சுழற்றி வருகிறது. முகத்துக்கு அவ்வளவு நெருக்கத்தில் கேமரா. இந்த மனிதரின் தலையைத்தான் ஊரே மொட்டையடிக்கப் போகிறது என்று எனக்குத் தோன்றும், செம்பேன் நினைத்தாரோ இல்லையோ.

வெள்ளைக்காரனே இல்லாத படம், அப்புறம் எதுக்கு இதைப் போய் காலனி ஆட்சியோட சம்பந்தப்படுத்தறீங்க?

மண்டபியில் வெள்ளைக்காரன் இல்லாமல் இருப்பதுதான் விஷயமே. கவுண்டருக்குப் பின்னால் இருப்பவன் செனகல்காரன், முன்னால் நிற்பவனும் செனகல்காரன். படிவம் மட்டும் பிரெஞ்சில். படிவம் நிரப்பத் தெரிந்தவன் தெரியாதவனைச் சுரண்டுகிறான். போரோம் சாரெட் பதிலில் சொன்ன அதே பேப்பர்தான் இங்கேயும்.

கல்லறை வாசல், போஸ்ட் ஆபீஸ், அடுத்து வரும் ஹாலாவில் வர்த்தக சபை. ஒரு நாடு தன் குடிமகனை எப்படி நடத்துகிறது என்பதை செம்பேன் எப்போதும் இந்த மாதிரி ஒரு மேஜைக்கு முன்னால் நிற்க வைத்துத்தான் சோதிக்கிறார். கொடியேற்றம், தேசிய கீதம், தலைவர்கள் சிலை இதெல்லாம் அவர் படங்களில் வந்தால் கிண்டலுக்குத்தான் வரும்.

வொலோஃப் மொழியில எடுத்ததுக்கு ஏன் இவ்வளவு பெருமை? அவங்க மொழியிலதானே எடுக்கணும்?

எடுக்க வேண்டும்தான், ஆனால் அதுவரை யாரும் எடுத்திருக்கவில்லை. ஆப்பிரிக்க மொழி ஒன்றில் வந்த முதல் முழுநீளக் கதைப்படம் மண்டபிதான் என்று சொல்வது வழக்கம். அதிலும் பிரெஞ்சுத் தரப்பு பணம் கொடுத்ததால் பிரெஞ்சு வடிவமும் வேண்டும் என்றார்கள். ஒவ்வொரு காட்சியையும் இரண்டு மொழியிலும் எடுத்தார். வொலோஃப் வடிவத்தைத் தேடிப் பாருங்கள், பிரெஞ்சு பேசும் ஜியெங்கை என்னால் நம்ப முடிவதில்லை. 1968ல் வெனிஸ் விழாவில் நடுவர் குழுவின் சிறப்புப் பரிசு வாங்கிய படம்.

ஹாலாவோட முதல் சீன் எனக்குப் புரியல. வெள்ளைக்காரங்களைத் துரத்திட்டு அப்புறம் அவங்களே பெட்டியோட வர்றாங்க?

வர்த்தக சபைக் கட்டடம். அங்கிகள் அணிந்த உள்ளூர் வியாபாரிகள் படியேறிப் போய், உள்ளே இருக்கும் வெள்ளைக்காரர்களை வெளியே அனுப்பி, அவர்களுடைய சிலைகளையும் சாமான்களையும் தூக்கி வெளியே வைக்கிறார்கள். கூட்டம் ஆடிப் பாடுகிறது. கொஞ்ச நேரத்தில் போலீஸ் வந்து அதே கூட்டத்தைத் தள்ளி விரட்டுகிறது, அதற்குத் தலைமை ஒரு வெள்ளைக்காரர். அதற்குள் வியாபாரிகள் அங்கியைக் கழற்றி கோட்டு சூட்டுக்கு மாறியாகிவிட்டது. துரத்தப்பட்டவர்கள் திரும்பி வந்து ஒவ்வொருவர் முன்னாலும் ஒரு கைப்பெட்டியை வைக்கிறார்கள். திறந்தால் கட்டுக்கட்டாகப் பணம். வசனமே தேவையில்லை. துப்போன்-துராண் என்ற ஒரு வெள்ளைக்காரர் மட்டும் ஆலோசகராக அங்கேயே தங்கிவிடுகிறார், படம் முழுக்க சபைத் தலைவரின் பின்னால் நிழல் மாதிரி நிற்கிறார், அநேகமாக வாயே திறப்பதில்லை.

கையெழுத்துப் போட்டுக் கைகுலுக்கிக் கொடி மாற்றினார்கள் என்று முதல் பதிலில் சொன்னேனே, அதற்கு செம்பேன் எழுதிய உரைதான் இந்தப் பத்து நிமிடம்.

ஹாலான்னா ஆண்மைக்குறைவு சாபமாமே. குடும்பத்தோட பார்க்கலாமா?

பார்க்கலாம், ஆபாசம் இல்லை, ஆனால் சின்னப் பிள்ளைகளுக்கு விளக்க வேண்டியிருக்கும். எல் ஹாஜி அப்து காதர் பெய் என்ற வியாபாரி அந்த சபை உறுப்பினர். கைப்பெட்டிப் பணத்தில் மூன்றாம் கல்யாணம். முதலிரவில் ஒன்றும் நடக்கவில்லை. யார் செய்வினை வைத்தது என்று தேடி வைத்தியர், மந்திரவாதி என்று பணத்தை இறைக்கிறார். மெர்சிடிஸ் காரைக் கழுவ, ரேடியேட்டரில் ஊற்ற பிரான்ஸிலிருந்து வரும் எவியன் பாட்டில் தண்ணீர். மக்களுக்கு வந்த அரிசி ஒதுக்கீட்டை விற்றுத்தான் இவ்வளவும்.

இதை உடல்நோய்க் கதையாகப் பார்த்தால் சாதாரண நகைச்சுவை. அதிகாரம் கைக்கு வந்தும் எதையும் செய்ய முடியாத ஒரு வர்க்கத்தின் கதையாகப் பார்த்தால் அடிவயிற்றில் பிசையும். பெய்யே ஒரு கட்டத்தில் சபையில் எழுந்து நாம் யார், வெறும் தரகர்கள், கழிவுகளைப் பங்கு போடுகிறவர்கள் என்று கத்துகிறார். அவருக்கு அது உறைத்தது தனக்குக் கடன் கிடைக்காமல் போன பிறகுதான், அது வேறு விஷயம். அந்தக் கூட்டத்தில் வொலோஃபில் பேச அனுமதி கேட்கிறார், மறுக்கிறார்கள். திட்டினாலும் பிரெஞ்சில் திட்டு என்கிறார்கள். அவர் நாற்காலிக்கு யாரைப் போடுகிறார்கள் தெரியுமா, படத்தின் முன்பகுதியில் ஒரு கிராமத்துக்காரரின் பணத்தை அடித்த பிக்பாக்கெட்டை.

கடைசியில பிச்சைக்காரங்க எல்லாம் சேர்ந்து அந்தாளு மேல துப்பறாங்களே, பார்க்கவே முடியல. அது தேவையா?

தேவைதான் என்பது என் கட்சி. நிறைய பேர் ஒத்துக்கொள்வதில்லை. படம் முழுக்க ஓரத்தில் உட்கார்ந்து பாடிக்கொண்டிருக்கும் குருட்டுப் பிச்சைக்காரர்தான் சாபம் வைத்தவர். பெய் மோசடி செய்து நிலத்தைப் பிடுங்கி ஜெயிலுக்கு அனுப்பிய சொந்தக்காரர். உனக்கு மறுபடி ஆண்மை வேண்டுமென்றால் உடையைக் கழற்றி நில், நாங்கள் துப்புகிறோம் என்கிறார். மனைவியும் பிள்ளைகளும் பார்க்க ஒவ்வொருவராகத் துப்புகிறார்கள். படம் அப்படியே உறைந்து நின்றுவிடுகிறது, எச்சில் சத்தம் மட்டும் தொடர்கிறது.

கவனிக்க வேண்டியது, அதே பிச்சைக்காரர்களை அழுக்கு என்று சொல்லி போலீஸை விட்டு லாரியில் ஏற்றி ஊருக்கு வெளியே கொட்டச் சொன்னதும் பெய்தான். அவர்கள் நொண்டியும் தவழ்ந்தும் நடந்தே திரும்பி வரும் நீளமான காட்சியைப் பொறுமையாகப் பார்த்திருந்தால் கடைசிக் காட்சி அவ்வளவு அதிர்ச்சியாக இருக்காது.

இப்படியெல்லாம் எடுத்தா கவர்மெண்ட் சும்மா விட்டுச்சா?

விடவில்லை. ஹாலாவைப் பல இடங்களில் வெட்டித்தான் செனகலில் வெளியிட்டார்கள். வெள்ளைக்காரர் தலைமையில் போலீஸ் விரட்டும் காட்சி உட்பட. எதையெல்லாம் வெட்டினார்கள் என்று துண்டுப் பிரசுரம் அடித்து செம்பேன் ஜனங்களிடம் விநியோகித்தார்.

செட்டோ கதை இன்னும் வேடிக்கை. மதமாற்றம், அடிமை வியாபாரம் இரண்டையும் சேர்த்துப் பேசும் படம். பெரும்பான்மை முஸ்லிம் நாட்டில் ஒரு மதகுருவை வில்லனாக்கியிருக்கிறார், கடைசியில் இளவரசி அவரைச் சுடுகிறாள். ஆனால் தடைக்கு அரசு சொன்ன காரணம் தலைப்பில் இரண்டு 'டி' போட்டது எழுத்துவிதிப்படி தவறு என்பது! செம்பேன் ஒரு எழுத்தைக்கூட விட்டுத்தரவில்லை. செங்கோர் பதவியில் இருந்தவரை படம் அங்கே வரவில்லை.

செங்கோர் நம்ம தமிழுக்கெல்லாம் மரியாதை குடுத்தவராச்சே, அவரைப் போய் இப்படிக் கிண்டல் பண்ணலாமா?

உண்மைதான். 1974ல் சென்னைக்கு வந்திருக்கிறார். ஆப்பிரிக்கருக்கும் திராவிடருக்கும் பண்பாட்டு உறவு உண்டு என்பது அவருக்குப் பிடித்த கருத்து, டக்கார் பல்கலைக்கழகத்தில் அதற்கென்று ஆய்வுக்கு வழி செய்தார், நம் தமிழறிஞர் க.ப. அறவாணன் அங்கே போய் வேலை செய்தவர். திறப்பு விழாவுக்கு வந்து கைதட்டிவிட்டுப் போகும் அரசியல்வாதி ரகம் இல்லை, படித்த மனிதர்.

அதே செங்கோர்தான் தன் பிரதமர் மமது தியாவை 1962ல் சிறையில் தள்ளிப் பன்னிரண்டு வருடம் வைத்திருந்தார், எதிர்க்கட்சிகளையும் பல வருடம் தலையெடுக்க விடவில்லை. கறுப்பின் அழகைப் பற்றிப் பிரெஞ்சில் கவிதை எழுதினால் வண்டிக்காரனுக்கு என்ன கிடைத்தது என்பதுதான் செம்பேன் கேட்டது. இரண்டு பேரையும் மதிக்கலாம், நான் மதிக்கிறேன். ஆனால் செங்கோர் தமிழைப் புகழ்ந்தார் என்பது செம்பேனுக்குப் பதில் ஆகாது.

பெண்களை ஏன் இவ்வளவு புத்திசாலியா காட்றாரு? வேணும்னே பண்றாரா?

வேண்டுமென்றேதான். ஹாலாவில் பெய்யின் மகள் ராமா (பெயரைக் கேட்டு எங்கள் ஹாலில் எப்போதும் ஒரு சலசலப்பு வரும்) அப்பா பிரெஞ்சில் கேட்டால் வொலோஃபில் பதில் சொல்கிறாள். அவர் எவியன் தண்ணீரை நீட்டினால் வேண்டாம் என்கிறாள். அவள் பின்னால் சுவரில் ஆப்பிரிக்க வரைபடம், நாட்டு எல்லைக்கோடுகள் இல்லாமல். அவள் உடையின் நிறங்களும் வரைபடத்தின் நிறங்களும் ஒன்று.

அதே சமயம் எல்லாப் பெண்களும் ராமா இல்லை. இரண்டாம் மனைவி வீட்டுச் சாமான்களை அள்ளிக்கொண்டு கிளம்பிவிடுகிறாள், மூன்றாமவளுக்குப் படத்தில் பேச்சே கிடையாது என்று சொல்லலாம், ரிப்பன் கட்டிய காரைப் போல அவளும் ஒரு பொருள். 2004ல், எண்பதைத் தொட்ட வயதில், பெண்ணுறுப்புச் சிதைப்பை எதிர்த்து 'மூலாதே' எடுத்தார். அதுதான் கடைசிப் படம், 2007ல் காலமானார்.

டூக்கி பூக்கி பாதிக்கு மேல புரியல. கொம்பு வச்ச பைக், மாடு வெட்டறது, என்ன கதை?

கதை இரண்டே வரி. மாடு மேய்த்த மோரி, கல்லூரியில் படிக்கும் அன்ட்டா, இரண்டு பேருக்கும் எப்படியாவது பாரிஸ் போய்விட வேண்டும். காசு திருடுகிறார்கள், கப்பல்வரை போகிறார்கள், அவள் ஏறிவிடுகிறாள், அவன் படியிலிருந்து திரும்பி ஓடிவிடுகிறான். பின்னணியில் ஜோசபின் பேக்கர் பாரிஸ், பாரிஸ் என்று பாடிக்கொண்டே இருக்கிறார், பாட்டு அறுந்து அறுந்து திரும்ப வருகிறது.

செம்பேன் வாதம் செய்கிறவர், ஒவ்வொரு காட்சியும் அடுத்ததற்குக் காரணமாக இருக்கும். மம்பெட்டி அப்படி இல்லை. கசாப்புக்கடைக்கு இழுத்துப் போகும் மாட்டையும் கப்பலேறும் இளைஞனையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துவிட்டுப் போய்விடுவார், கணக்கை நீங்கள் போட்டுக்கொள்ள வேண்டும். தியுவானா போய்ச் சேர்ந்த பிரான்ஸ் எப்படி இருந்தது என்று ஏற்கெனவே பார்த்துவிட்டோம் அல்லவா, அதனால் மோரி ஏன் ஓடினான் என்பது எனக்குப் புதிராகத் தெரிவதில்லை. அன்ட்டா ஏன் ஏறினாள் என்பதும்தான்.

எல்லாம் சரி, பிரான்ஸ்கிட்ட காசு வாங்கிக்கிட்டு பிரான்ஸையே திட்டறது என்ன நியாயம்?

இதைக் கேட்காத கூட்டமே இல்லை. முதலில் விவரம். 1960களில் பிரெஞ்சு அரசின் கூட்டுறவு அமைச்சகத்தில் ஆப்பிரிக்கப் படங்களுக்கென்று ஒரு பிரிவு இருந்தது, பல முதல் படங்கள் அதன் உதவியால் வந்தவை. லா நுவார் தெ கதையை அது நிராகரித்தது, படம் வந்த பிறகு உரிமையை வாங்கிக்கொண்டது. அதாவது காசு சும்மா வரவில்லை. எதை எடுக்கலாம், எந்த மொழியில் எடுக்கலாம் என்ற பேச்சோடு வந்தது, மண்டபியில் நடந்ததை மேலே சொல்லிவிட்டேன்.

எடுத்த படத்தைக் காட்டுவதும் அவர்கள் கையில். பிரெஞ்சு பேசும் ஆப்பிரிக்காவின் தியேட்டர்களுக்குப் படம் விநியோகித்தது கொமாசிகோ, செக்மா என்ற இரண்டு பிரெஞ்சு நிறுவனங்கள். அமெரிக்கப் படம், இந்திப் படம் எல்லாம் மலிவாக வந்து ஓடும் (இந்திப் பாட்டுக்கு அங்கே இன்றைக்கும் ரசிகர்கள் உண்டு), உள்ளூர்ப் படத்துக்குத் தேதி கிடைக்காது. அன்றைய அப்பர் வோல்டா, இன்றைய புர்கினா ஃபாசோ, 1970ல் தியேட்டர்களையே தேசியமயமாக்கியது. அதற்கு முந்தைய வருடம் அதன் தலைநகர் வாகடூகுவில் தொடங்கிய திரைவிழாதான் ஃபெஸ்பாகோ. செம்பேன் அதைத் தூக்கி நிறுத்தியவர்களில் ஒருவர். காசை வாங்கியதைப் பற்றி அவருக்குக் கூச்சம் இருந்ததாகத் தெரியவில்லை, எனக்கும் இல்லை. அந்தக் காசு யார் விளைவித்து பிரான்ஸுக்குப் போன நிலக்கடலையில் வந்தது?

இதெல்லாம் பார்த்தா வெள்ளைக்காரன் இருந்ததே தேவலன்னு தோணுதே சார்?

பாண்டிச்சேரியில் பிரெஞ்சு பென்ஷன் வாங்கும் குடும்பத்துப் பெரியவர் ஒருவர்தான் இதை முதலில் கேட்டார், அப்புறம் வேறு பலரும். கோபப்பட ஒன்றுமில்லை. சொந்த ஆட்களையே ஒருவர் இவ்வளவு அடித்தால் இப்படி ஒரு முடிவுக்கு வரத் தோன்றும். ஆனால் ஹாலாவில் பெட்டியைக் கொண்டுவந்து வைத்தவர்கள் யார், மூலையில் வாய்திறக்காமல் நின்றவர் யார் என்று திருப்பிக் கேட்பேன். போலீஸ்காரன் மாறினான், அவன் நோட்டுப் புத்தகம் மாறவில்லை என்பதுதான் அந்தப் படங்களின் புகார். பழைய ஆளைக் கூப்பிடச் சொல்லவில்லை.

இதற்கும் மசியாதவர்களுக்கு அடுத்த மாதம் எமிதாய் போடுவேன். இரண்டாம் உலகப்போர், ஜோலா இனத்தவரின் ஒரு கிராமம், படைக்கு இளைஞர்களைப் பிடித்துப் போன பிரெஞ்சுக்காரர்கள் அப்புறம் அரிசிக்கு வருகிறார்கள். பெண்கள் அரிசியை ஒளித்துவிடுகிறார்கள், அதற்குத் தண்டனையாக அவர்களை வெயிலில் உட்கார வைக்கிறார்கள். நடுவில் ஒரு அருமையான கூத்து. சுவரில் இருந்த, ஜெர்மனிக்குப் பணிந்து பிரான்ஸை ஆண்ட மார்ஷல் பெத்தானின் படத்தைக் கிழித்துவிட்டு, அவரை எதிர்த்து நின்ற ஜெனரல் தெ கோல் படத்தை ஒட்டுகிறார்கள். இரண்டு நட்சத்திரக்காரர் எப்படி ஏழு நட்சத்திரக்காரரின் இடத்துக்கு வருவார் என்று கறுப்புச் சிப்பாய்க்கு ஒரே குழப்பம். ஹாலில் எல்லோரும் சிரிப்பார்கள். முடிவில் ஆண்களைச் சுடுகிறார்கள், திரை இருட்டாகிவிடும், வெடிச்சத்தம் மட்டும் கேட்கும்.

அதற்கும் மேல் வேண்டுமென்றால் காம்ப் தெ தியாரோய். பிரான்ஸுக்காகப் போரிட்டு, ஜெர்மன் சிறையிலிருந்து மீண்டு வந்த ஆப்பிரிக்கச் சிப்பாய்கள் தங்கள் பாக்கிச் சம்பளத்தைக் கேட்டதற்காக 1944 டிசம்பர் 1 அன்று டக்காருக்கு வெளியே பிரெஞ்சு ராணுவமே அவர்களைச் சுட்டது. செத்தவர்கள் எத்தனை பேர் என்பது இன்றைக்கும் சண்டை. அது படுகொலைதான் என்று பிரான்ஸின் ஜனாதிபதி எழுத்தில் ஒத்துக்கொண்டது 2024 நவம்பரில். செம்பேனும் தியெர்னோ ஃபாட்டி சோவும் சேர்ந்து 1988லேயே அதைப் படமாக எடுத்து வெனிஸில் பரிசும் வாங்கிவிட்டார்கள். இரண்டரை மணி நேரப் படம், அதனால் அந்த மாதம் மட்டும் ஆறு மணிக்கே ஆரம்பிப்போம், டீ இடைவேளையோடு.